எட்டுக்கு முன்னால் போட்ட ஒன்று

ராசா,

இந்தக் கடிதத்தின் உறையை நான் ஒட்டப்போவதில்லை. தபால்தலை மட்டும் சரியாக ஒட்டி, வாயைத் திறந்தபடியே விட்டு, உன் ஆபீஸ் விலாசத்துக்கு அனுப்புகிறேன். தபால்காரர் படிக்கட்டும். உன் ஆபீஸ் பியூன் படிக்கட்டும். பக்கத்து நாற்காலிக்காரர் படித்து முடித்துவிட்டு உன்னிடம் நீட்டட்டும். உனக்கு அவமானமாக இருக்கும். இருக்கட்டும், அதற்காகத்தான் இப்படி அனுப்புகிறேன். மற்றவர்களும் படிக்கப்போவதால் உனக்குத் தெரிந்த சிலவற்றையும் விளக்கி எழுதவேண்டியிருக்கிறது. தெரியும் என்று நீ நினைத்துக்கொண்டிருப்பதில் பாதி உனக்குத் தெரியாது என்பதும் போகப்போகப் புரியும்.

ஆடித்தபசுத் திருவிழாவுக்கு நாலு நாள் லீவில் சங்கரன்கோவில் வந்தாய். பஸ் ஸ்டாண்டில் கால் வைக்க இடமில்லாத கூட்டம். நீ வந்த மூன்றாம் நாள் மத்தியானம் உனக்குச் சோறு போட்டுக்கொண்டிருந்தேன். கொள்ளிடத்தில் பாலம் கட்ட இடம் தேர்ந்தெடுக்கும் வேலை உன்னிடம் வந்திருப்பதைச் சொன்னாய். சனங்கள் ஓடத்தில் கடக்கும் ஓடத்துறை, அதற்குக் கீழே கீழ்த்துறை, இன்னொன்று என மூன்று இடங்களை ஒப்பிட்டு, எந்த இடத்தில் ஆறு வளையாமல் நேராக ஓடுகிறது, எங்கே கரை உறுதி, எங்கே அடியில் பாறை, எங்கே ரோட்டைக் கொண்டுவந்து சேர்ப்பது சுலபம் என்றெல்லாம் எழுதவேண்டும் என்று விரலை மடக்கி மடக்கிச் சொன்னாய். எனக்குப் பெருமையாக இருந்தது, பொய் சொல்லமாட்டேன். பிறகு போக்குவரத்து பற்றிப் பேசினாய். "மூணு இடத்துலயும் மூணு நாள் ஆள் உக்கார வச்சு எண்ணியாச்சும்மா. ஓடத்துறையில ஒண்ணுமே தேறல. கொஞ்சம் சைக்கிள், ரெண்டு மாட்டு வண்டி, அம்புட்டுதான்" என்றாய்.

"ஓடத்துல போற சனமெல்லாம்?" என்று கேட்டேன்.

"நடந்து போறவங்க அதுல வரமாட்டாங்கம்மா. தலைச்சுமைக்கெல்லாம் ஃபாரத்துல கட்டமே கிடையாது."

"என்னைக்கு எண்ணுனிய?"

"புதன், வியாழன், வெள்ளி."

"அந்த ஊருல சந்தை என்னைக்கு?"

நீ சிரித்தாய். அந்தச் சிரிப்பு இன்னும் என் கண்ணுக்குள் நிற்கிறது. "செவ்வாய்க்கிழமை. அதனாலதான் செவ்வாயை விட்டோம். கீழ்த்துறைதான் நல்லதுன்னு எங்க ஆபீஸ் பெரியவர் முதல்லயே ஒரு நோட் எழுதிட்டாரு. இப்பம் போயி நான் தலைச்சுமைக்காரியள எண்ணிக்கிட்டு இருந்தா எனக்கு ப்ரொபேஷன் முடிஞ்சு வேலை நிலைச்ச மாதிரிதான்" என்றாய். சொல்லிவிட்டு இன்னும் கொஞ்சம் ரசம் கேட்டாய். நான் ஊற்றினேன். அதற்குப் பிறகு நீ இருந்த ஒன்றரை நாளும் நான் அதைப் பற்றி வாயே திறக்கவில்லை. உன்மீது எனக்கு இருக்கும் கோபத்தில் பாதி என்மீது இருக்கும் கோபம். கரண்டியைக் கீழே வைத்துவிட்டு அப்போதே உன்னைக் கேட்டிருக்கவேண்டும்.

பெரியவர் முதலிலேயே எழுதிவிட்டார். இதே வாக்கியத்தை நீ ஆறாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தபோது என் ஆபீஸில் நானும் கேட்டேன். கேட்டு, தலையை ஆட்டி, என் கையாலேயே செய்தும் கொடுத்தேன். அதைத்தான் இப்போது எழுதப்போகிறேன்.

நம் ஊரில் ஆறு கிடையாது. மழை பெய்தால் ஓடை ஓடும், இல்லாவிட்டால் அதுவும் இல்லை. அப்படிப்பட்ட ஊரில் பிறந்த நான் அப்போதே ஒன்பது வருஷமாகத் தாமிரபரணியை வரைந்துகொண்டிருந்தேன். தினமும் காலையில் ரெண்டு மணி நேரம் பஸ்ஸில் போய், சாயங்காலம் ரெண்டு மணி நேரம் திரும்பி வருவேன், உனக்கு நினைவிருக்கும். ஆபீஸில் எனக்கு வேலை ட்ரேசர். என்ஜினீயர்கள் பென்சிலில் போடும் படத்தின்மேல் அடியில் இருப்பது தெரியும்படி கஞ்சி போட்ட மெல்லிய நீல நிறத் துணியை விரித்து, சாக்பீஸ் பொடி தடவி, கறுப்பு மையில் கோடு கோடாகப் பிரதி எடுப்பது. அந்தத் துணியில் ஒரு கோடு தப்பினால் பிளேடால் சுரண்டவேண்டும். சுரண்டிய இடம் வெளிச்சத்தில் பிடித்தால் தெரியும். மிஞ்சும் துண்டுத் துணியை வெந்நீரில் அலசிக் கஞ்சியைப் போக்கி உனக்குக் கைக்குட்டை தைத்துக் கொடுப்பேன். பெயருக்குச் சர்க்கார் வேலை, ஆனால் தற்காலிகம். வருஷா வருஷம் உத்தரவு வந்தால்தான் அடுத்த வருஷம் வேலை.

தாமிரபரணிக்கு மேல் ஒரு புதுப் பாலம் கட்ட மூன்று இடங்களைப் பார்த்தார்கள். நடுவில் இருந்த இடம் ஆபீஸ் பேச்சில்கூட அடிபடாமல் போனது, அதை விட்டுவிடு. மேலே ஆலடித்துறை. கீழே ஒன்பது மைல் தள்ளி வெள்ளைப்பாறை. ஆலடித்துறையில்தான் சனங்கள் ஆற்றைக் கடந்துகொண்டிருந்தார்கள். ஊர் இக்கரையில், பெரிய பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் சந்தையும் அக்கரையில். கோடையில் முழங்கால் தண்ணீரில் நடந்து போவார்கள். ஐப்பசி பிறந்தால் தோணி. தண்ணீர் கூடினால் தோணியும் கிடையாது. ஆலடித்துறையில் ஆறு நேராக ஓடியது, ரெண்டு கரையும் உயரமாக இருந்தது. அடியில் பாறை எத்தனை ஆழத்தில் இருக்கிறது என்பது மட்டும்தான் தெரியவேண்டியிருந்தது. பாறை பக்கத்தில் இருந்தால் தூண்களை அதன்மேல் நிறுத்திவிடலாம். ஆழத்தில் இருந்தால் செலவு ஏறும், இடம் தள்ளுபடியாகும்.

அதைத் தெரிந்துகொள்ள ஆற்றில் துளை போடும் வேலைக்கு மேஸ்திரியாக இருந்தவர் சுடலைமுத்து அண்ணாச்சி. திருவேங்கடம் பக்கத்துக் கரிசல்காட்டு ஊர். கிணறு வெட்டியே வளர்ந்தவர். மண்ணுக்கடியில் என்ன இருக்கிறது என்று சத்தத்தை வைத்துச் சொல்லிவிடுவார் என்று அவர் பக்கத்து ஊர்க்காரர்கள் கூட்டிப் போவார்கள். தினக்கூலிக்குத்தான் எங்கள் துறையில் இருந்தார். திங்கட்கிழமை காலையில் நம் ஊர் பஸ் ஸ்டாண்டில் நான் ஏறும் பஸ்ஸில்தான் அவரும் ஏறுவார். சனிக்கிழமை அதே பஸ்ஸில் திரும்புவார். பஸ்ஸில் பக்கத்தில் இருப்பவர்களிடமெல்லாம், "நாங்க தோண்டுறத இந்தத் தாயிதான் படமா வரையுதாக. எழுத்து அச்சடிச்ச மாதிரி இருக்கும்" என்று என்னைக் காட்டிச் சொல்வார். எனக்குக் கூச்சமாக இருக்கும். சந்தோஷமாகவும் இருக்கும்.

ஒரு பங்குனி மாதம், வருஷக்கணக்காக வரையும் ஆற்றில் துளை போடும் இடத்தை ஒரு தடவையாவது நேரில் பார்க்கவேண்டும் என்று உதவி என்ஜினீயரிடம் கேட்டேன். ஜீப்பில் இடம் இருந்ததால் கூட்டிப்போனார். ஆலடித்துறையில் ஆற்று நடுவில் மூன்று கம்பத்தை முக்காலியாகக் கட்டி, கயிற்றில் கனத்த இரும்பு உளியைத் தொங்கவிட்டு, தூக்கித் தூக்கிப் போட்டுக்கொண்டிருந்தார்கள். அண்ணாச்சி என்னைப் பார்த்ததும் கயிற்றைக் காட்டி, "இங்கன கை வச்சுப் பாருங்க தாயி" என்றார். வைத்தேன். உளி கீழே விழுந்தது. என் உள்ளங்கை அதிர்ந்து, அந்த அதிர்வு முழங்கை வரைக்கும் ஏறியது. "மணலுன்னா மொத்துன்னு அமுங்கிரும். இது திருப்பி அடிக்குது பாருங்க. பாறை. அசலான பாறை. எட்டு மீட்டருதான்" என்றார். கயிற்றில் மீட்டருக்கு ஒன்றாகக் கட்டியிருந்த துணி அடையாளங்களைக் காட்டினார். எண்ணியது நான். எட்டும் சொச்சமும். ஆகவே ராசா, பாறை எங்கே இருந்தது என்று எனக்குத் தெரியாது என்று நான் எந்தக் காலத்திலும் சொல்லமுடியாது. அந்தப் பாறையை என் கை தொட்டிருக்கிறது.

அன்றைக்கு வாழை இலைக்கட்டைத் தலையில் வைத்துக்கொண்டு ஒரு பெண் தண்ணீரில் நடந்து வந்தாள். பேச்சியம்மாள் என்று பெயர். பின்னாலேயே ஒரு சின்ன இலைக்கட்டோடு அவள் மகள் செல்வி, பத்து வயது. கட்டை இறக்கி வைத்துவிட்டுப் பேச்சியம்மாள் எல்லாருக்கும் மோர் கொண்டுவந்து கொடுத்தாள். "பாலம் எப்பம்மா வரும்? இவ அஞ்சு முடிக்கப் போறா. வகுப்புல மொத ஆளு. அடுத்த வருசம் அக்கரைப் பள்ளிக்கூடத்துல சேக்கணும்லா" என்று என்னைக் கேட்டாள். ஜீப்பில் வந்து இறங்கிய பெண் என்பதால் என்னை ஏதோ பெரிய அதிகாரி என்று நினைத்துவிட்டாள். "பாறை பக்கத்துலதான் இருக்கு. சீக்கிரம் வந்துரும்" என்று நான் சொன்னேன். யாரும் என்னைச் சொல்லச் சொல்லவில்லை. நானாகச் சொன்னேன்.

மூன்று துளைகளின் அளவும் களத்தில் எழுதிய ஃபீல்டு புக்கில் வந்தது. ஏழு சொச்சம், எட்டு சொச்சம், இன்னொரு எட்டு சொச்சம். படத்தில் ஆற்று மணலுக்குக் கீழே பாறைக் கோட்டை வரைந்து, அளவுகளை எழுதி முடித்துவிட்டேன். ரெண்டு நாள் கழித்து உதவி என்ஜினீயர் என் மேஜைக்கு வந்தார். நல்ல மனிதர்தான், என்னைவிட வயதில் சின்னவர். "இதைத் திரும்ப வரையணும்மா" என்று ஒரு காகிதத்தை வைத்தார். மூன்று அளவுகளுக்கும் முன்னால் ஒவ்வொரு ஒன்று. பதினேழு, பதினெட்டு, பதினெட்டு.

"சார், ஃபீல்டு புக்குல எட்டுன்னு இருக்கே. நானே பார்த்தேனே" என்றேன்.

"ஃபீல்டு புக் புதுசா எழுதியாச்சு. இங்க பாருங்கம்மா, நம்ம பெரியவர் இந்த இடத்துக்கு வராமலே, ஆலடித்துறையில மணல் ரொம்ப ஆழம், வெள்ளைப்பாறைதான் சரின்னு போன வருஷமே மெட்ராஸுக்கு நோட் எழுதிட்டாரு. இப்ப எட்டு மீட்டர்ல பாறைன்னு போனா அவரு முகம் என்னாகும்? என் கதி என்னாகும்?" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "உங்களைப் பெர்மனன்ட் பண்ற ஃபைலும் அவர் மேஜையிலதான் இருக்கு" என்றார்.

இதில் என்னை இன்றைக்கும் எரிய வைப்பது எது தெரியுமா? யாரும் ஒரு பைசா லஞ்சம் வாங்கவில்லை. வெள்ளைப்பாறையில் யாருக்கும் நிலம் இல்லை, மில் இல்லை, மச்சினன் இல்லை. ஒரு மனிதர் தான் வராமல் எழுதியது தப்பு என்று ஒப்புக்கொள்ள மனம் வரவில்லை. அவ்வளவுதான் காரணம். ஒப்புக்கொண்டிருந்தால் அவர் வேலை போயிருக்காது. சம்பளம் குறைந்திருக்காது. ஒரு வரி எழுதவேண்டியிருந்திருக்கும். அந்த ஒரு வரியை அவர் எழுதாமல் இருப்பதற்காக ஓர் ஆற்றின் அடியில் இருந்த பாறையைப் பத்து மீட்டர் கீழே இறக்கினோம். இறக்கியது என் பேனா. மூன்று ஒன்றுகளைப் போட எனக்கு அரை நிமிஷம் ஆகவில்லை. பாறைக் கோட்டை மட்டும் புதிதாக, கீழே, நல்ல வளைவாக வரைந்தேன். துணியில் சுரண்டிய தடம்கூடத் தெரியக்கூடாது என்று முழுப் படத்தையும் புதுத் துணியில் வரைந்தேன். படம் அழகாக வந்தது.

ஆலடித்துறைக்காரர்கள் சும்மா இருக்கவில்லை. தங்கள் இடம் தள்ளுபடியானது தெரிந்ததும் மனு மேல் மனு எழுதினார்கள். துளை போட்டபோது கூட நின்று பார்த்த ஊர் அது. எட்டு மீட்டர் என்று மேஸ்திரி சொன்னதை ஊரே கேட்டிருந்தது. அதனால் ஒரு விசாரணை வைத்தார்கள். சுடலைமுத்து அண்ணாச்சியைக் கூப்பிட்டார்கள். என்னையும் கூப்பிட்டார்கள்.

இப்போது உன் அப்பாவைப் பற்றிச் சொல்லவேண்டும். அவர் தறிக்கொட்டகையில் வாயைத் திறக்காமல் வேலை பார்த்துவிட்டு வந்து, வாயைத் திறக்காமல் படுத்துவிடுவார். பயந்தவர் என்று நீ நினைத்தாய். பெரியவனானதும், அப்பா யாரையும் எதிர்த்துப் பேசமாட்டார், அம்மாதான் தைரியசாலி என்று உன் கூட்டாளிகளிடம் சொல்வாய். நான் காதில் வாங்கிக்கொண்டு சும்மா இருப்பேன். விசாரணைக்கு முதல் நாள் அவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் கையை உதறினார். "ஏட்டி, இதுல யோசிக்க என்ன இருக்கு? உள்ளத உள்ளபடி சொல்லிட்டு வா. வேலை போனா போட்டும். எனக்குத் தறி இருக்கு. கஞ்சியோ கூழோ குடிச்சுக்கிடலாம்" என்றார்.

"பிள்ளை படிக்கணும்" என்றேன்.

"பிள்ளையைச் சொல்லாத. உனக்குப் பயமா இருக்குன்னு சொல்லு" என்றார்.

பாத்திரத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போனேன். பயந்தவள் நான்தான். பதினைந்து வருஷக் குடித்தனத்தில் அவர் என்னிடம் அன்று ஒரு நாள்தான் குரலை உயர்த்தினார். அவர் சொன்னதைக் கேட்டிருந்தால் இந்தக் கடிதமே வேண்டியிருக்காது. அவர் இருந்தவரை இதை உன்னிடம் சொல்லி அவருடைய மரியாதையை நான் மீட்டுக் கொடுக்கவில்லை. அதற்கும் சேர்த்துத்தான் இப்போது எழுதுகிறேன்.

விசாரணை அதிகாரி வெளியூர்க்காரர். மேஜையில் புது ஃபீல்டு புக்கும் என் படமும் இருந்தன. அண்ணாச்சி வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு வந்திருந்தார். "அய்யா, நான் முப்பது வருசமா கிணறு வெட்டுறவன். எட்டு மீட்டருல பாறை. இந்தத் தாயி கயித்துல கை வச்சுப் பாத்திருக்காக. அவுகளையே கேளுங்க" என்று என்னைக் காட்டினார். அவர் முகத்தில் கவலையே இல்லை. நான் சொல்லிவிடுவேன் என்று அத்தனை நிச்சயமாக இருந்தார்.

அதிகாரி என்னைப் பார்த்து, "இந்தப் படம் ஃபீல்டு புக்கைப் பார்த்துத்தானே வரைஞ்சீங்க?" என்று கேட்டார்.

"ஆமா சார்."

"நீங்க நேர்ல போய்ப் பார்த்தீங்களா?"

"ஒரு தடவை போனேன் சார். ஆனா ஆழம் பத்தி எனக்கு ஒண்ணும் தெரியாது."

அவ்வளவுதான் நான் சொன்னது. அண்ணாச்சி என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார். குடித்துவிட்டு அளந்தான் என்று அறிக்கையில் எழுதினார்கள். வெற்றிலை தவிர வேறு எதையும் தொடாத மனிதர். அன்றோடு வேலையிலிருந்து நிறுத்தினார்கள். அன்று சாயங்காலம் நான் திரும்பும் பஸ்ஸில்தான் அவரும் ஏறினார். என் வரிசைக்கு எதிரே சீட் காலியாக இருந்தது. அவர் உட்காரவில்லை. சங்கரன்கோவில் வரும்வரை கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். இறங்கும்போது என் பக்கம் திரும்பி, "உங்க எழுத்து அச்சு மாதிரின்னு எல்லார்கிட்டயும் நானே சொல்லிக்கிட்டுத் திரிஞ்சேன் தாயி" என்றார். திருவேங்கடம் பஸ்ஸைத் தேடிக் கூட்டத்துக்குள் போய்விட்டார்.

மூன்று மாதத்தில் எனக்குப் பெர்மனன்ட் உத்தரவு வந்தது. அதில்தான் நீ படித்தாய். உன் கல்லூரிக் கட்டணம், உன் ஹாஸ்டல், நீ இன்றைக்கு ஆற்றங்கரையில் வைத்துப் பார்க்கும் அந்தக் கருவிகளின் பெயர் எல்லாம் உனக்கு வந்தது அந்த உத்தரவால்தான். உனக்காகத்தான் செய்தேன் என்று எழுத எனக்கு ஆசையாக இருக்கிறது. உன் அப்பா இருந்தால் அந்த வரியைக் கோடு போட்டு அடித்துவிடுவார். எனக்காகத்தான் செய்தேன்.

பாலம் வெள்ளைப்பாறையில் வந்தது. நல்ல பாலம், குறை சொல்ல முடியாது. லாரிகள் போகின்றன. பெரியவர் மாலை மரியாதையோடு ஓய்வு பெற்றார். உதவி என்ஜினீயர் படிப்படியாக உயர்ந்துபோனார். சுடலைமுத்து அண்ணாச்சியை அதற்குப் பிறகு யாரும் துளை போடக் கூப்பிடவில்லை. அளவைத் தப்பாகச் சொல்கிறவர் என்று பேச்சு அவருடைய ஊர் வரைக்கும் போனதால், கிணற்றுக்கு இடம் பார்க்கவும் கூப்பிடுவது நின்றுபோயிற்று. சத்தம் கேட்டுச் சொல்கிறவரின் சொல்லுக்கு மதிப்புப் போனால் அவரிடம் என்ன மிஞ்சும்? வயதான காலத்தில் மற்றவர்கள் காட்டில் கூலிக்குப் பருத்தி எடுத்தார் என்று கேள்விப்பட்டேன். ஓய்வு பெற்றதும் நேரில் போய்ச் சொல்லிவிடவேண்டும் என்று வைத்திருந்தேன். பென்ஷன் கைக்கு வந்தபிறகு உண்மை பேசுவது சுலபம் அல்லவா, அதற்காக. போன வருஷம் அவர் இறந்துவிட்டார். அதுவும் எனக்கு ஒரு மாதம் கழித்துத்தான் தெரிந்தது.

நீ சிரித்துவிட்டுப் போன மறுவாரம் நான் லீவு போட்டுவிட்டு ஆலடித்துறைக்குப் போனேன். பன்னிரண்டு வருஷத்துக்குப் பிறகு. பேச்சியம்மாள் வீட்டைக் கேட்டுக் கண்டுபிடித்தேன். அவளுக்கு என்னை அடையாளம் தெரியவில்லை. வாசலில் செல்வி முறம் போன்ற சுளகை மடியில் வைத்துக்கொண்டு பீடி சுற்றிக்கொண்டிருந்தாள். வகுப்பில் முதலாவதாக வந்தவள். அக்கரைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தார்களாம். ஐப்பசியில் ஒரு மாதம் போகமுடியவில்லை, கார்த்திகையில் போனவள் தண்ணீர் ஏறித் திரும்பமுடியாமல் ரெண்டு நாள் அக்கரையிலேயே கிடந்தாளாம். அதோடு பேச்சியம்மாள் நிறுத்திவிட்டாள். "பொட்டப்பிள்ளைய அக்கரையில விட்டுட்டு இங்கன எப்படி நான் இருக்க?" என்றாள். அந்தத் தெருவில் சுளகோடு உட்கார்ந்திருந்த பெண்களில் யாரைக் கேட்டாலும் இதையேதான் சொன்னார்கள். பையன்களைச் சுற்று வழியில் பஸ்ஸில் அனுப்பிப் படிக்கவைத்திருக்கிறார்கள். பெண்களை அனுப்பவில்லை.

நான் வந்த காரியத்தைச் சொன்னேன். பேச்சியம்மாளுக்கு முதலில் புரியவில்லை. செல்விக்குப் புரிந்துவிட்டது. கை நிற்காமல் பீடியைச் சுற்றிக்கொண்டே கேட்டாள்.

"எத்தனை இருந்துச்சு?"

"எட்டு."

"எத்தனைன்னு எழுதுனிய?"

"பதினெட்டு."

கட்டிய பீடியைச் சுளகில் போட்டுவிட்டு அடுத்த இலையை எடுத்தாள். "அழாதிய. அழுதா எங்கம்மாவும் அழுவா. பெறகு எல்லாரும் அழுதுட்டு, உங்களுக்குக் காப்பி போட்டுக் குடுத்து அனுப்பி வச்சிருவோம். எங்ககிட்ட வாயால சொல்லி என்ன ஆவப்போவுது? எழுதிக் குடுங்க" என்றாள்.

அவள் கொடுத்த நோட்டுப் புத்தகத்தில், அந்த வாசலிலேயே உட்கார்ந்து எழுதினேன். நான் போட்ட மூன்று ஒன்றுகள், மாற்றி எழுதிய ஃபீல்டு புக், சுடலைமுத்து அண்ணாச்சி சொன்னது உண்மை, நான் சொன்னது பொய், எல்லாம். மூன்று பிரதி. ஒன்று செல்வியிடம் இருக்கிறது. இரண்டாவது திருவேங்கடம் பக்கம் அண்ணாச்சியின் வீட்டுக்காரியிடம் கொடுத்தேன். அந்த அம்மா வாங்கி, படிக்கத் தெரியாததால் பக்கத்து வீட்டுப் பெண்ணைக் கூப்பிட்டு வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, "செத்தவுகளுக்கு எப்படித் தெரியப்போவுது" என்றார். என்னை உட்காரச் சொல்லவில்லை. மூன்றாவது பிரதியை ரிஜிஸ்டர் தபாலில் துறையின் தலைமைக்கு அனுப்பிவிட்டேன். ஓய்வுக்கு எனக்கு இன்னும் ரெண்டு வருஷம் இருக்கிறது. என்ன செய்வார்களோ செய்யட்டும். ஆலடித்துறையில் இப்போது ஒரு நடைபாலமாவது வேண்டும் என்று செல்வி ஊராரிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டிருக்கிறாள். அவளுடைய மனுவில் இரண்டாம் பக்கமாக என் எழுத்து இருக்கிறது.

இப்போது உன்னிடம் வருகிறேன். நீ எதையும் மாற்றி எழுதவில்லை என்று சொல்வாய். எனக்குத் தெரியும், நீ என்னைவிடப் படித்தவன். நான் ஒன்றைக் கூடுதலாகப் போட்டேன். நீ ஒரு கிழமையையே விட்டுவிட்டாய். கேட்டால், எண்ணிய மூன்று நாளும் எண்ணிக்கை சரிதான் என்று ஃபாரத்தைக் காட்டுவாய். ஃபாரத்தில் கட்டம் இல்லை என்கிறாயே, காகிதத்தில் ஓரம் இல்லையா? ஓரத்தில் எழுது. கீழே எழுது. பின்பக்கம் எழுது. சந்தைக்குத் தலையில் சுமந்துகொண்டு ஓடத்துக்குக் காத்து நிற்கிறவளைவிட அந்தப் பாலம் யாருக்கு அவசரமாக வேண்டும்? லாரிக்காரன் பத்து மைல் சுற்றினால் டீசல் செலவாகும். அவள் சுற்றினால் அவளுடைய நாளே போய்விடும். கீழ்த்துறைதான் சரி என்று எல்லாவற்றையும் எண்ணிய பிறகும் தேறினால், அதையே எழுது, நான் ஒரு வார்த்தை கேட்கமாட்டேன். எண்ணாமல் எழுதாதே. உன் பெரியவரின் முகம் வாடாமல் இருப்பதற்கு ஊரார் பிள்ளைகள் பீடி சுற்றவேண்டியதில்லை.

ப்ரொபேஷன் போனால் போகட்டும். உன் அப்பா என்னிடம் சொன்னதைத்தான் உன்னிடம் சொல்கிறேன், ஆனால் ஒரு வித்தியாசம். நான் அவர் பேச்சைக் கேட்காமல் விட்டபோது அவர் சும்மா இருந்துவிட்டார். நான் அப்படி இருக்கமாட்டேன். அறிக்கையை இந்த மாதக் கடைசியில் அனுப்பவேண்டும் என்று நீயே சொன்னாய். இருபதாம் தேதி திங்கட்கிழமை காலையில் இங்கே பஸ் ஏறுகிறேன். செவ்வாய்க்கிழமை விடியும்போது அந்த ஓடத்துறையில் இருப்பேன். ஒரு நோட்டும் ரெண்டு பென்சிலும் வைத்திருக்கிறேன். கண் முன்னைப்போல இல்லை, ஆனாலும் ஓடத்தில் ஏறுகிற தலையை எண்ண முடியும். சாயங்காலம் கடைசி ஓடம் போகும்வரை ஒவ்வொரு சுமையையும், சுமக்கிறவள் எங்கிருந்து வருகிறாள், எங்கே போகிறாள் என்று கேட்டு எழுதுவேன். அதைப் பிரதி எடுத்து உனக்கு ஒன்று, உன் பெரியவருக்கு ஒன்று, அவருக்கு மேலே இருப்பவருக்கு ஒன்று என்று என் பெயரில் அனுப்புவேன். என் எழுத்து அச்சு மாதிரி இருக்கும், யாரும் புரியவில்லை என்று சொல்லமுடியாது.

நீயும் வந்து பக்கத்தில் உட்கார். ரெண்டு பேராக எண்ணினால் தப்பு வராது. ரெண்டு பேருக்கும் புளிச்சோறு கட்டிக்கொண்டு வருகிறேன். உச்சிப்பொழுது வரை உன்னை எதிர்பார்ப்பேன். நீ வராவிட்டால் உன் பங்கை ஓடக்காரருக்குக் கொடுத்துவிட்டு எண்ணிக்கொண்டிருப்பேன்.

உன் அம்மா